சேவ் பண்ணாத ஆட்டம்

உதயகுமார் ஸ்மார்ட்போன் இல்லாமல் இருக்கத் தொடங்கி ஏழு மாதம் ஆகியிருந்தது. சட்டைப்பையில் ஒரு பட்டன் போன் இருந்தது. அதில் பேசலாம், அவ்வளவுதான். சம்பளம் நேராக அவன் மனைவி ஜோதிகாவின் கணக்குக்குப் போனது. அம்பத்தூர் எஸ்டேட்டில் கார் உதிரிபாகம் செய்யும் கம்பெனியில் அவனுக்கு அளவு பார்த்து ஓகே சொல்லும் வேலை. காலை ஆறு மணி ஷிப்டு முடித்து, மூன்று மணிக்கெல்லாம் பருத்திப்பட்டு வாடகை வீட்டுக்கு வந்துவிடுவான். அதற்குப் பிறகுதான் கஷ்டம். கை சும்மா இருக்காது. பேசிக்கொண்டிருக்கும்போதே வலது கட்டைவிரல் காற்றில் எதையோ தள்ளிக்கொண்டிருக்கும். ஜோதிகா அதைப் பார்ப்பாள், பார்க்காததுபோலத் திரும்பிக்கொள்வாள்.

இரண்டு வருடம் ஆன்லைன் ரம்மி ஆடியவன். கள்ளிக்குப்பத்தில் ஜன்னலுக்கு மேல் லிண்டல் மட்டத்துக்கு எழும்பியிருந்த சொந்த வீடு, அப்படியே அரைகுறையாகக் கைமாறிப் போனது. அது தெரிந்த அன்று வீட்டைவிட்டுப் போனவனை மூன்றாம் நாள் கொரட்டூர் ஏரிக்கரையில் கண்டுபிடித்துக் கூட்டிவந்தான் ஜோதிகாவின் தம்பி சந்தோஷ். பிறகு பூந்தமல்லிப் பக்கம் ஒரு மறுவாழ்வு மையத்தில் நாற்பது நாள் இருந்தான். இப்போதும் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை சனிக்கிழமை அங்கே போய் டாக்டரிடம் பேசிவிட்டு வர வேண்டும். இடையில் சட்டம் வந்து அந்த ஆப்புகளை எல்லாம் மூடிவிட்டார்கள். டிவியில் அந்தச் செய்தியைப் பார்த்த அன்று ஜோதிகா பால்பாயசம் வைத்தாள்.

சந்தோஷுக்குக் கொரட்டூர் ஸ்டேஷன் அருகே பழைய எலெக்ட்ரானிக் சாமான் வாங்கி விற்கும் கடை. ஒரு நாள் கையகலத்துக்கு ஒரு பழைய வீடியோகேம் பெட்டியைக் கொண்டுவந்து மாமன் மடியில் வைத்தான்.

"இதுல நெட்டே கெடையாது மாமா. இந்த ஒரு கேம்தான் உள்ள மாட்டிகினு கீது, எடுக்க வரல. கத ஆட்டம். ஊர் ஊரா போவணும், பேய அடிக்கணும். அறுபது மணி நேரம் ஓடும். கைக்கு வேல ஆச்சில்ல?"

ஜோதிகா அதை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தாள். "காசு போடுற எடம் ஏதாச்சும் கீதாடா இதுல?"

"இதுக்கு சிம்மே இல்லக்கா. எங்கேந்து போடுறது?"

அப்படித்தான் அது வீட்டுக்குள் வந்தது.

ஆட்டத்தின் நாயகன் கட்டம் கட்டமான ஒரு சின்னப் பையன். அவனுக்கு நான்கு எழுத்தில் ஆங்கிலத்தில் பெயர் வைக்கச் சொன்னது. உதயகுமார் 'பானு' என்று வைத்தான். நான்காம் வகுப்பு படிக்கும் மகள் பானுப்பிரியாவுக்கு அதில் ஏகப்பட்ட பெருமை. பள்ளி விட்டு வந்ததும் அப்பன் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்து, திரையில் வரும் ஆங்கிலத்தை எழுத்துக்கூட்டிப் படித்துச் சொல்வாள். கிராமத்தை விட்டுக் கிளம்பினார்கள், காட்டில் நத்தைகளை அடித்தார்கள், தங்கக்காசு சேர்த்து முதல் வாள் வாங்கினார்கள். ஒரு கிழட்டு மந்திரவாதியும் ஒற்றைக்கண் வில்லாளியும் கூட்டுச் சேர்ந்தார்கள். எந்த ஊருக்குப் போனாலும் சத்திரத்தில் ஒரு பெண், 'உன் பயணத்தை எழுதிவைக்கட்டுமா?' என்று கேட்பாள். ஆமாம் என்றால் அதுவரை ஆடியது சேவ் ஆகும். செத்துப்போனாலும் அந்த இடத்திலிருந்து மறுபடி ஆடலாம்.

அந்த இரண்டு மாதம் வீடு வீடாக இருந்தது. உதயகுமார் ஒழுங்காகச் சாப்பிட்டான். தூங்கினான். டாக்டர்கூட, "முகம் தெளிஞ்சிருக்கு" என்றார்.

மூன்றாவது மாதம் அவர்கள் ஒரு துறைமுகப் பட்டணத்துக்கு வந்தார்கள். அங்கே மதுக்கடை வாசலில் நின்ற குடிகாரன், 'மீன் சந்தைக்குப் பின்னாலிருக்கும் கிணற்றில் தண்ணீர் கிடையாது' என்றான். பானு அதைப் படித்துவிட்டுச் சிரித்தாள். அன்று அவளுக்கு டியூஷன் இருந்தது, போய்விட்டாள். உதயகுமார் கிணற்றைத் தேடிப் போனான். கயிற்றில் இறங்கியதும் இசை மாறியது. கீழே சிவப்புக் கம்பளம் விரித்த பெரிய கூடம். காசு போட்டால் பொம்மைப் படம் சுழலும் சூதாட்ட இயந்திரங்கள் வரிசையாக நின்றன. நடுவில் ஒரு மேசை, அதன் பின்னால் ஒரு பெண், அவள் கையில் சீட்டுக்கட்டு.

அவன் பெட்டியை அணைத்துத் தலையணைக்கடியில் வைத்துவிட்டு, எழுந்துபோய்த் துணி மடித்தான். எல்லாத் துணியையும் மடித்துவிட்டு, மடித்ததையே பிரித்து மறுபடி மடித்தான்.

மறுநாள் மூன்றரை மணிக்குக் கிணற்றில் இறங்கினான். வெறும் பொம்மைக்காசு, இதில் என்ன இருக்கிறது என்று சொல்லிக்கொண்டான். அவன் சொன்னது பொய்யும் இல்லை.

ஆட்டம் எளிது. அவள் ஒரு சீட்டைத் திறந்து காட்டுவாள். அடுத்தது பெரிதா சிறிதா என்று சொல்ல வேண்டும். சரியாகச் சொன்னால் வைத்தது இரட்டிப்பாகும். விருப்பப்பட்டால் மொத்தத்தையும் மறுபடி வைக்கலாம். தப்பாகச் சொன்னால் எல்லாம் போச்சு. ஆனால் உதயகுமார் நான்காவது கை ஆடும்போதே வழியைக் கண்டுபிடித்துவிட்டான். சத்திரத்துக்குப் போய் சேவ் செய்துவிட்டு வந்து ஆடினால் போதும். ஜெயித்தால் ஓடிப்போய் மறுபடி சேவ். தோற்றால் பெட்டியை அணைத்துப் போட்டால் தோல்வியே நடக்காததுபோல ஆகிவிடும். ஒரு வாரத்தில் அந்தக் கூடத்திலேயே பெரிய பரிசை வாங்கிவிட்டான். நீல ஒளி வீசும் ஒரு வாள். பானு குதித்தாள். "நைனா, இது இருந்தா பேய் ராஜாவகூட அடிச்சிடலாம் நைனா."

"அடிச்சிடலாம்" என்றான்.

ஆனால் அவனுக்குள் எதுவுமே அசையவில்லை. தினமும் நூறு புஷ் வளையத்துக்கு அளவு பார்த்து ஓகே போடுவதைப்போலத்தான் இருந்தது. வாள் கிடைத்த பிறகு பட்டணத்தை விட்டுக் கப்பல் ஏற வேண்டும், கதை அங்கேதான் காத்திருந்தது. ஏறவில்லை. பானு கேட்டபோது, "இன்னும் கொஞ்சம் காசு சேத்துக்கலாம்மா" என்றான்.

ஒரு வியாழக்கிழமை சத்திரத்துக்குப் போகாமல் நேராக மேசைக்குப் போனான்.

கையிலிருந்த எல்லாக் காசையும் வைத்தான். திறந்தது ஒன்பது. சிறிது என்றான். ராணி வந்தது.

போச்சு. அந்த நொடியில் அடிவயிறு காலியாகி, காது மடல் சூடாகி, உடம்பு முழுவதும் விழித்துக்கொண்டது. இரண்டு வருடம் கம்பெனிக் கழிவறையிலும், எஸ்டேட் பஸ் ஸ்டாப்பிலும், மாமனாரின் பாடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டும் அவன் தேடித்தேடிப் போனது இதைத்தான். ஜெயித்ததால் ஒருநாளும் இது வந்ததில்லை. ஜெயித்த பணத்தை அவன் ஒருமுறைகூட எடுத்துக்கொண்டு வெளியே வந்ததில்லை, அது தீரும்வரை உட்கார்ந்திருப்பான். டாக்டர் முதல் நாள், "எதுக்காக ஆடினீங்க?" என்று கேட்டபோது, "உட்டத புடிக்கத்தான் சார்" என்றான். அவரும் அப்படியே எழுதிக்கொண்டார். அவனும் அதை நம்பியிருந்தான்.

பெட்டியை அணைத்திருந்தால் போன காசு திரும்பியிருக்கும். அவன் அணைக்கவில்லை. ஆயுதக்கடைக்குப் போய் மந்திரவாதியின் தடியை விற்றான். அதுவும் போனது. வில்லாளியின் கவசத்தை விற்றான், வில்லை விற்றான். வெள்ளிக்கிழமை நீல வாளை விற்றான். விற்ற காசை மூன்று கையில் விட்டான். எல்லாம் போன பிறகு எழுந்து நிதானமாகச் சத்திரத்துக்கு நடந்துபோய், 'உன் பயணத்தை எழுதிவைக்கட்டுமா?' என்று கேட்ட பெண்ணிடம் ஆமாம் என்று சொன்னான். இனி எதையும் திருப்ப முடியாது. நெஞ்சில் பெரிய நிம்மதி வந்தது. வந்த நிம்மதியைப் பார்த்து அவனுக்கே பயமாக இருந்தது.

சனிக்கிழமை அவன் டாக்டரிடம் போகவில்லை. ஷிப்டு மாற்றிவிட்டார்கள் என்று வீட்டில் சொன்னான்.

ஞாயிறு மதியம் பானு கேட்டாள். "வாள் எங்க நைனா?"

"அது கூர் போயிடுச்சு. தீட்டக் குட்த்து கீறேன்."

யோசிக்காமல் வந்தது அந்தப் பதில். ரம்மியில் விட்ட தங்கச்சங்கிலியைப் பாலிஷ் போடக் கொடுத்திருக்கிறேன் என்று ஜோதிகாவிடம் சொன்ன அதே குரல், அதே இழுப்பு. பானு தலையாட்டினாள். அவன் எழுந்து குளிக்கப் போனபோது அவள் பெட்டியை எடுத்துப் பார்த்திருக்கிறாள். தலையைத் துவட்டிக்கொண்டு வந்தவன் காதில் சமையலறைப் பேச்சு விழுந்தது.

"எல்லாத்தையும் வித்துடுச்சும்மா நைனா. மந்திரவாதி தாத்தாகிட்ட தடிகூட இல்ல. காசு ஜீரோன்னு கீது. தீட்டக் குட்த்து கீறேன்னு என்கிட்ட சொல்லிச்சு."

"கேம்தானடி" என்று ஜோதிகா சிரித்தாள். சிரித்துக்கொண்டே வெளியே வந்தவள் அவன் முகத்தைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது.

"நீ போய் கீழ்வூட்டு ஆயாகிட்ட கறிவேப்பில வாங்கினு வா" என்று மகளை அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"நெஜக் காசா?"

"இல்ல. சத்தியமா இல்ல ஜோதி. பொம்மக் காசு."

"அப்பறம் ஏன் மூஞ்சி இப்டி கீது?"

அவன் கட்டிலில் உட்கார்ந்தான். துண்டு கையிலேயே இருந்தது. "அதுக்குள்ள ஒரு சீட்டாட்டம் கீது."

ஜோதிகா சுவரில் சாய்ந்துகொண்டாள். "சரி. ஆடுன. தோத்துட்ட. காசு இல்லாத ஆட்டத்துல தோத்தா நமக்கு இன்னா போச்சு? ஒண்ணும் போவல. ஏன் புள்ளகிட்ட பொய் சொன்ன?"

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். அவள் வழி விட்டுத்தான் பேசினாள். மன்னிப்புக் கேட்டிருந்தால் அதோடு விட்டிருப்பாள்.

"தோக்காம ஆட அதுல வழி கீது" என்றான். "நான் தோக்கணும்னே ஆடுனேன். தோத்தாத்தான் எனக்கு..." துண்டை முறுக்கினான். "அப்பவும் அப்டித்தான் ஜோதி. உட்டத புடிக்க ஆடல. ஊட்டுக்காகவும் ஆடல. இப்பதான் எனக்கே தெரியுது."

வெளியே தண்ணீர் லாரி பின்வாங்கும் சத்தம் கேட்டது.

"மேல்தளம் போட காசு பத்தலன்னு ஆரம்பிச்சேன்னு சொன்ன" என்றாள். குரல் உயரவே இல்லை. "எங்க அம்மாகிட்ட, அக்காகிட்ட, எல்லார்கிட்டயும் அதத்தான் சொல்லிகினு இருந்தேன். அவுரு எங்களுக்காகத்தான் போய் மாட்டிகினாருன்னு. தையல் கம்பெனில ஓவர்டைம் பாக்கறப்போ அத நெனச்சிகினுதான் தச்சேன். இத்தினி மாசமா என்கிட்ட இருந்தது அது ஒண்ணுதான். அதயும் எடுத்துட்ட."

"உண்மைய சொல்லணும்னு..."

"சொல்லிட்ட இல்ல. உடு."

பானு கறிவேப்பிலையோடு வந்து கதவைத் தட்டினாள். ஜோதிகா கதவைத் திறந்து, அதை வாங்கி, ரசத்தைத் தாளித்தாள். மூன்று பேரும் சாப்பிட்டார்கள். செவ்வாய்க்கிழமை அவள் மகளைக் கூட்டிக்கொண்டு கள்ளிக்குப்பத்தில் அக்கா வீட்டுக்குப் போனாள். சண்டை எதுவும் இல்லை. துணிப்பையைக் கட்டும்போது மட்டும் சொன்னாள். "நீ ஆடறன்னு போவல. கடன் அடஞ்சா நீ சரியாயிடுவன்னு நெனச்சிகினு இருந்தேன். இப்ப எதப் பாத்துகினு காத்துகினு இருக்கறதுன்னு எனக்குத் தெரியல."

பெட்டியைச் சந்தோஷ் வந்து எடுத்துப்போனான். அவன் முகத்தில் குற்றம் செய்தவன்போல ஒரு வாட்டம். "எனக்குத் தெரியாது மாமா, உள்ள அது கீதுன்னு" என்றான். அவன் தப்பு என்ன இருக்கிறது என்று உதயகுமார் சொன்னான்.

அடுத்த சனிக்கிழமை அவன் பூந்தமல்லிக்குப் பஸ் ஏறினான். டாக்டரின் அறையில், முதல் நாள் எழுதியது தப்பு என்று ஆரம்பித்து எல்லாவற்றையும் சொன்னான். கிணறு, மேசை, சத்திரத்துப் பெண், வந்த நிம்மதி. டாக்டர் பேனாவை மூடி வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியில், "இனிமே வாரா வாரம் வாங்க" என்றார். சரியாகிவிடும் என்று அவர் சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை.

கட்டைவிரல் மறுபடி காற்றில் தள்ள ஆரம்பித்திருந்தது. கம்பெனியில் அளவு பார்க்கும் வெர்னியரைப் பிடிக்கும்போது மட்டும் நின்றது.

திங்கட்கிழமை சாப்பாட்டு இடைவேளையில் ஷெட்டுக்குப் பின்னால் நின்று ஜோதிகாவுக்கு போன் போட்டான். அவள் தையல் கம்பெனியிலிருந்தே எடுத்தாள். பானுவுக்கு லேசாகச் சளி என்றாள், பள்ளிக்கூட வேன் கள்ளிக்குப்பம்வரை வராது என்கிறார்கள், வேறு ஆட்டோ பார்க்க வேண்டும் என்றாள். நான் பார்க்கிறேன் என்றான். வேண்டாம், அக்கா வீட்டுக்காரர் சொல்லிவைத்திருக்கிறார் என்றாள்.

"சாப்ட்டியா?" என்று கேட்டாள்.

"சாப்ட்டேன்."

அந்தப் பக்கம் தையல் மெஷின்கள் ஓடும் இரைச்சல் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தது.

"சாப்ட்டியா, இல்ல சும்மா சொல்றியா?"

உதயகுமார் தரையைப் பார்த்தான். "இல்ல" என்றான். "காலைலேந்து ஒண்ணும் சாப்டல."

"போய் சாப்டு" என்று சொல்லிவிட்டு அவள் போனை வைத்தாள். இடைவேளை முடிய இன்னும் பத்து நிமிடம் இருந்தது. அவன் கேன்டீனை நோக்கி நடந்தான்.