சோடிப் பேணி

என் மனுசனுக்குக் கப்பல் விசர். சும்மா கப்பல் இல்லை, சண்டைக் கப்பல். இரண்டாம் உலகப் போரில் எந்தக் கப்பலை எந்த நீர்மூழ்கி எங்கே வைத்து அடித்தது என்று சிறிதரனைக் கேட்டால் மூச்சு விடாமல் சொல்லுவார். கலியாண நாள் மட்டும் வருடாவருடம் மறந்துபோகும்.

அன்று ஆடி அமாவாசை. தகப்பனை இழந்தவர்கள் விரதம் இருந்து, செத்தவருக்குப் படைத்துவிட்டுச் சாப்பிடுகிற நாள். சிறிதரன் தன் தகப்பனுக்காக வெறும் வயிற்றோடு காரோட்ட, ஆஸ்திரேலியாவில் நாங்கள் இருக்கிற செவன் ஹில்ஸிலிருந்து ஹெலன்ஸ்பர்க் கோயிலுக்குப் போனோம். பின் சீற்றில் என் அம்மா சிவனேஸ்வரி, கம்பளிச் சட்டைக்குமேல் சால்வை, அதற்குமேல் என்னுடைய ஜாக்கெட்.

அம்மாவுக்கு எண்பத்திமூன்று வயது. இந்த விரதம் அவள் ஒருநாளும் இருந்ததில்லை. அவளுடைய தகப்பன் சரக்குக் கப்பலில் சமையல்காரன். உலக யுத்த காலத்தில், அம்மா கைக்குழந்தையாக இருக்கும்போது கப்பலுக்குப் போனவர் திரும்பி வரவில்லை. பிறகு கொழும்பிலிருந்து கம்பனி ஆள் ஒருவர் வந்து, கப்பல் மூழ்கிவிட்டது, ஆளும் இல்லை என்று சொன்னாராம். அம்மாவின் தாய் கனகம்மா வந்தவரை வாசல் படலையோடு திருப்பி அனுப்பிவிட்டாள். "என்ரை மனுசன் சாகேல்லை. மெல்பேர்ணிலை வெள்ளைக்காரி ஒருத்தியோடை இருக்கிறார், கண்ட ஆள் இருக்கு" என்று ஊர் முழுக்கச் சொன்னாள். அப்படிச் சொல்லித்தான் தன் பொட்டையும் தாலியையும் காப்பாற்றிக்கொண்டாள். கடைசியில் பொட்டோடேயே போய்ச் சேர்ந்தாள். ஓடிப்போனவன் பிள்ளை என்ற பெயரைச் சுமந்தது என் அம்மா.

அம்மா அவரை ஒருநாளும் அப்பா என்று சொன்னதில்லை. 'அந்தாள்' என்பாள். போகும்போது சீதனமாக வந்த சோடி மூக்குப்பேணியில் ஒன்றையும் தூக்கிக்கொண்டு போய்விட்டார் என்பது அம்மாவின் பெரிய குற்றச்சாட்டு. மற்றது எங்கள் வீட்டுச் சாமியறையில் இருக்கிறது. வாய் வைக்காமல் அண்ணாந்து ஊற்றிக் குடிப்பதற்குப் பக்கத்தில் சின்ன மூக்கு வைத்த பித்தளைப் பேணி. அடியில் சரவணமுத்து மகள் கனகம்மா என்பதற்கு அடையாளமாக 'ச.க.' என்று புள்ளி புள்ளியாகக் குத்தியிருக்கும்.

ஆஸ்திரேலியாவுக்கு வந்த புதிதில், லிட்கம் ஸ்டேஷனில் கொஞ்சம் கறுத்த வெள்ளைக்காரர் யாரையாவது கண்டால் அம்மா உற்று உற்றுப் பார்ப்பாள். "அந்தாள் பெத்ததோ தெரியாது" என்பாள். எனக்குச் சிரிப்பாகவும் இருக்கும், பற்றிக்கொண்டும் வரும். தகப்பன் செத்தாரா, விட்டுவிட்டு ஓடினாரா என்பதை அறியாமல் கண்ணை மூடப் போகிறேனே என்று அண்மையில் ஒருநாள் குசினிக்குள் நின்று அழுதாள். நான் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தபடியால் என் கண்ணீருக்கு விளக்கம் சொல்லத் தேவைப்படவில்லை.

கோயில் கன்ரீனில் சிறிதரனுக்கு எதிரே இருந்து அம்மா மசாலாத் தோசை சாப்பிட்டாள்.

"தம்பி, குறை நினையாதையும். எனக்கு விரதமில்லை. அந்தாள் எங்கையோ சுகமா இருக்கும்."

"இருந்தா நூறு தாண்டியிருக்கும் மாமி," என்றார் சிறிதரன், தோசையைப் பார்த்துக்கொண்டே.

கோயிலால் வெளிக்கிட்டதும் நேரே வீட்டுக்கு வரவேண்டியவர் காரைக் கடற்கரைப் பக்கம் திருப்பினார். தெற்கே ஒரு சின்ன ஊரில் கப்பற்படைக்காரரின் பழைய சாமான்களைக் காட்சிக்கு வைத்திருக்கிறார்களாம்.

"உங்களுக்கு மண்டையிலை ஏதும் கழண்டுபோச்சோ? படையல் ஆர் போடுறது? நீங்கள் பசியிலை விழுந்தா ஆர் தூக்கிறது?"

"நீர் சும்மா இரும் யோகா. பத்து நிமிசம்."

இவருடைய பத்து நிமிசம் எனக்குத் தெரியும்.

அது ஒரு மண்டபம். உள்ளே பீரங்கிக் குண்டுகள், கிழிந்த கொடி, மாலுமிகள் படுக்கும் தூங்கு படுக்கை. பெரிய அலை வந்தால் அத்தனை பேரும் ஒரே பக்கமாக ஆடுவார்களாம், அடியில் உப்புத் தண்ணீர் ஓடுமாம். அதை ஒரு வயதான வெள்ளைக்காரப் பெண் சொல்ல, சிறிதரன் அவளுக்கே திருத்தம் சொல்லிக்கொண்டிருந்தார். அம்மாவுக்கு முழங்கால் நோ. ஒரு கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் இருந்த கதிரையில் அவளை இருத்திவிட்டு நான் கழிவறை தேடிப் போனேன்.

திரும்பி வந்தபோது அம்மா கண்ணாடியில் கையை ஊன்றி எழும்பி நின்றாள்.

"பிள்ளை, இது எங்கடை பேணி."

"அம்மா, உப்பிடி ஆயிரம் பேணி இருக்கும்."

"அடியைப் பார்."

பெட்டிக்குள் ஒரு பித்தளை மூக்குப்பேணியைச் சரித்து வைத்திருந்தார்கள். அடியில் புள்ளி புள்ளியாக, ச.க. நான் போட்ட சத்தத்தில் சிறிதரன் ஓடி வந்தார்.

பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு பொத்தான். அந்தப் பெண் அதை அழுத்தினாள். இந்த ஊர்க்காரர் ஹாலோரன், கடற்படையில் பீரங்கிக்காரர், சாவதற்குமுன் பதிவு செய்து கொடுத்தது என்றாள். அந்த நாளில் சரக்குக் கப்பல்களின் பின்புறத்தில் ஒரு பீரங்கியைப் பூட்டி, அதற்குக் கடற்படை ஆட்களையும் ஏற்றி அனுப்புவார்கள் என்று சிறிதரன் மெதுவாகச் சொன்னார். கிழவரின் குரல் கரகரத்தது. அவர் சொல்லச் சொல்ல நான் அம்மாவின் காதுக்குள் தமிழில் சொன்னேன்.

மெல்பேர்ணில் கோதுமை மா ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போன கப்பல். ஒரு விளக்கும் எரியாமல் இருட்டுக்குள் ஓடியது. நடுச் சமுத்திரத்தில் முதல் டோர்பிடோ எஞ்சின் அறையில் அடித்தது. அங்கே நின்றவர்களில் ஒருவரும் மேலே வரவில்லை. பீரங்கியைத் திருப்புவதற்குள் இரண்டாவது அடி. மா மூட்டைகள் உடைந்து கடல் முழுக்க வெள்ளையாகக் கிடந்தது. ஒரு படகு மட்டும் தப்பியது.

"கொழும்புக்கோ?" என்றாள் அம்மா. "திரும்பி வந்தவரோ?"

"ஓம் அம்மா. வீட்டை வந்துகொண்டு இருந்தவர்."

படகில் ஒரு தமிழ்ச் சமையல்காரர் இருந்தார். குக்கி என்றுதான் கூப்பிட்டோம், உண்மையான பெயரைக் கேட்காமல் விட்டேனே என்று கிழவர் வருத்தப்பட்டார். தண்ணீர்ப் பீப்பாவைக் குக்கியிடம் கொடுத்திருந்தார்கள். குவளையில் கொடுத்தால் பலசாலி இரண்டு மிடறு கூடக் குடித்துவிடுவான், அடிபிடி வரும். குக்கி அதற்கு இடமே வைக்கவில்லை. ஒவ்வொருவனையும் அண்ணாந்து வாயைத் திறக்கச் சொல்லி, இந்த மூக்குவைத்த பேணியால் நூல்போல ஊற்றுவார். ஏதோ ஒரு சொல்லை மூன்றுதரம் சொல்லுவார். சொல்லி முடிந்தால் பேணி நிமிர்ந்துவிடும். கப்டனுக்கும் அதே அளவு, அடுப்புக்கரி தள்ளுபவனுக்கும் அதே அளவு. அந்தச் சொல் இன்றைக்கும் நினைவிருக்கிறது என்று சொல்லிவிட்டு, செத்துப்போன அந்த வெள்ளைக்காரக் கிழவர் ஒலிபெருக்கிக்குள் இருந்து சொன்னார்:

"முருகா. முருகா. முருகா."

அம்மா என் கையை இறுக்கிப் பிடித்தாள்.

பின்னேரங்களில் குக்கி இரண்டு கையையும் அகட்டி, தன் மகள் இவ்வளவு நீளம் என்று காட்டுவாராம். ஒவ்வொரு நாளும் அதே நீளம். எல்லோருக்கும் ஊற்றிவிட்டுக் கடைசியில்தான் தான் குடிப்பார். அவருடைய முறை வரும்போது பேணியில் தண்ணீர் இருந்ததா என்று நாங்கள் ஒருவரும் பார்க்கவில்லை, பார்த்திருக்க வேண்டும் என்றார் கிழவர். ஒரு காலை குக்கி எழும்பவில்லை. கடலில் இறக்கினோம். அடுத்த நாள் எங்கள் கடற்படைக் கப்பல் ஒன்று எங்களைக் கண்டது. பேணியை நான் வைத்துக்கொண்டேன். அது என்னுடையது இல்லை என்று எனக்கு எப்போதும் தெரியும்.

பதிவு நின்றது. அந்தப் பெண் விளங்காமல் எங்களைப் பார்த்தாள். நான் எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் விசயத்தைச் சொன்னதும், ஐயோ என்று வாயைப் பொத்திக்கொண்டு சாவியை எடுத்து வந்தாள்.

அம்மா பேணியை இரண்டு கையாலும் வாங்கினாள். மடியில் வைத்துத் தடவினாள். பிறகு கோபம் வந்தது.

"என்ரை அம்மா ஒரு பொட்டுக்காக அந்த மனுசனைக் கள்ளனாக்கிப்போட்டா. நானும் அதை நம்பி எண்பது வருசமாத் திட்டிக்கொண்டு இருந்திருக்கிறன். பாவி. நானும் பாவி."

"மாமி, அப்ப அவவும் சின்னப் பெட்டைதானே," என்றார் சிறிதரன்.

"அது சரி தம்பி. எண்டாலும் பொறுக்கேலாமல் கிடக்கு."

பேணியைத் தருவதற்குக் கூட்டம் வைத்து முடிவெடுக்க வேண்டுமாம், தான் கட்டாயம் கதைப்பதாக அந்தப் பெண் சொன்னாள். அம்மா தலையாட்டிவிட்டு அதைத் திருப்பிக் கொடுத்தாள்.

வீட்டில் நான் அவசரம் அவசரமாகச் சமைத்தேன். அமாவாசைக்கென்று வாங்கிவைத்த காத்தோட்டிக்காயைப் பொரித்து, வாழையிலை போட்டு, சிறிதரனின் தகப்பனுக்குப் படையலைப் பரிமாறினேன். பசியில் சிறிதரனின் முகம் வெளிறியிருந்தது.

"இன்னொரு இலை போடு பிள்ளை," என்றாள் அம்மா.

"நீங்கள் காலமை தோசை சாப்பிட்டனீங்கள் அம்மா. விரதம் கணக்கில்லையே."

"எனக்கில்லையடி. அவருக்கு."

போட்டேன். அம்மா தலை முழுகிவிட்டு வந்தாள். சாமியறையில் இருந்த மற்றப் பேணியைப் புளிபோட்டுத் தேய்த்து, விளிம்புவரை தண்ணீர் நிரப்பினாள். தண்ணீர் தளும்பியது. நான் பிடிக்கப் போக, விடவில்லை. சோற்றுக்கும் கறிக்கும் முன்னால் அதைத்தான் இலையருகில் வைத்தாள்.

"எல்லாருக்கும் ஊத்தினது போதும் அப்பா," என்றாள். "இண்டைக்கு நீங்கள் முதல் குடியுங்கோ."