பின்னல் ஓரப் பற்றிஸ்

மெற்றில்டா எந்தச் சாப்பாட்டையும் வெறுமனே கையில் கொடுக்கமாட்டாள். செய்தவர் யார், எந்த ஊர் என்று சொல்லித்தான் கொடுப்பாள். வடை என்றால் நெல்லியடியார் சுட்டது, தோசை என்றால் வேதவல்லி அக்கா, கோண்டாவில். யாழ்ப்பாணத்து ஆட்கள் இருவர் எங்கே சந்தித்தாலும் முதல் கேள்வி ஊரில் எவ்விடம் என்பதுதானே. அந்தக் கேள்வியையே அவள் பிழைப்பாக்கிக்கொண்டாள்.

வெம்பிளி ஈலிங் றோட்டில் ஆட்களை நடத்திக்கொண்டுபோய்க் கடை கடையாகச் சாப்பிடவைப்பதுதான் அந்தப் பிழைப்பு. பள்ளிக்கூடச் சமையலறை வேலையை விட்டபிறகு ஐந்து வருடமாகச் செய்கிறாள். இன்ரநெற்றில் ஃபூட் ருவர் என்று போட்டிருந்தாள். வந்துபோகிறவர்கள் எல்லோரும் ஒன்றையே எழுதினார்கள்: இந்தப் பெண்மணிக்கு ஒவ்வொரு சமையற்காரரையும் பெயர் சொல்லித் தெரியும். அதை வாசிக்கும்போதெல்லாம் மெற்றில்டாவுக்கு உச்சி குளிர்ந்துபோகும். வாய் ஓயாதவளுக்கு வாயைப் புகழ்ந்தால் வேறென்ன வேண்டும்.

ஒரே ஒரு சாப்பாட்டுக்கு மட்டும் அவள் பெயர் சொல்வதில்லை. எட்வேட் அண்ணையின் கடையில் விற்கிற, மாவுக்குள் மீனை வைத்து மடித்துப் பொரித்த மீன் பற்றிஸ். அதைச் செய்கிறவள் பிறின்சி. இரண்டு வருடத்துக்கு முன் ஒரு சூட்கேசோடும் ஒன்றரை வயதுப் பிள்ளையோடும், முறிந்த மணிக்கட்டில் மாக்கட்டோடும் மாதா கோயில் வாசலில் வந்து நின்றவள். புருஷன் பெயர் றொஷான் என்று ஒருமுறை சொன்னாள், அதற்குமேல் சொல்லவில்லை. படங்களை எல்லாம் கிழித்துவிட்டுத்தான் வந்திருந்தாள், அதனால் அவன் முகம் யாருக்கும் தெரியாது. கோயில் பெண்கள் கூடி அவளுக்கு ஓர் அறை பார்த்துக் கொடுத்தார்கள், எட்வேட் அண்ணை பின்சமையலறையில் வேலை கொடுத்தார். அவள் பெயரையோ தெருவையோ வெளியில் சொல்வதில்லை, படம் எடுப்பதில்லை என்று எல்லோரும் மாதா சுருவத்துக்கு முன்னால் நின்று பேசி முடிவெடுத்தார்கள். மெற்றில்டாவும் அங்கே நின்றவள்தான்.

அன்று பங்குனி மாதத்து வெள்ளிக்கிழமை. ஒரே ஒரு ஆள் தனக்கு மட்டும் என்று முழு நடையையும் பதிவு செய்திருந்தான். ஆல்பேர்ட்டன் ஸ்ரேசன் வாசலில் காத்துக்கொண்டு நின்றான். முப்பத்தைந்து வயதிருக்கும், நல்ல கறுப்புக் கோட்டு, பணிவான சிரிப்பு. பெயர் விஜயன், மலேசியாவில் கிள்ளான், இங்கே வங்கியில் வேலை என்றான். கார்த்திகேசு என்ற பெரியவர் ஒருவரின் பேரன் என்றும், வீட்டில் முருகன் கோயில் என்றால் உயிர் என்றும் கேட்காமலே சொன்னான். செவன் கிங்ஸிலும் சவுத்தாலிலும் இதேபோல் நடந்து பார்த்துவிட்டேன், அங்கே யாருமே ஆட்களைப் பற்றிச் சொல்வதில்லை, நீங்கள்தான் சொல்வீர்களாம் என்றான். மெற்றில்டாவுக்கு அவனை உடனே பிடித்துப்போயிற்று.

நாலரை மணிக்கு முடித்துவிட வேண்டும், கிங்ஸ்பரியில் எங்கள் கோயிலில் ஐந்தரைக்குச் சிலுவைப்பாதை இருக்கிறது என்று அவள் முதலிலேயே சொல்லிவைத்தாள். அதற்கென்ன அக்கா, கும்பிடப் போறவங்களைத் தடுக்கலாமா என்றான் அவன்.

முதல் கடையில் கொத்துறொட்டி. ஆட்டிறைச்சிக் கொத்தைக் காட்டியபோது அவன் கையால் மறித்தான்.

"இன்னைக்கு வெள்ளிக்கிழமை அக்கா. மட்டன் வேண்டாம்."

அவளுக்கு அது புதிதல்ல. குருநகரில் பிறந்து வளர்ந்தாலும் படித்தது சைவப் பிள்ளைகளோடு. வெள்ளிக்கிழமை அவர்கள் வீட்டில் மச்சம் கிடையாது. இறைச்சி மட்டுமல்ல, மீனும் முட்டையும்கூட. மெற்றில்டாவும் தவக்காலம் என்பதால் இறைச்சி தொடாமல்தான் நடந்துகொண்டிருந்தாள். நல்லதாய்ப் போயிற்று என்று மரக்கறிக் கொத்து போடச் சொன்னாள். அதோடு விடவில்லை. அடுத்தடுத்த கடைகளுக்கு ரெலிபோன் எடுத்து, இன்றைக்கு வருகிற ஆள் சைவம், சம்பலில் மாசி போடவேண்டாம், காய்ந்த மீன்தானே அதுவும் என்று வேதவல்லி அக்கா வரைக்கும் சொல்லிவைத்தாள். பக்கத்தில் நின்று அதைக் கேட்ட அவன் ஒரு கணம் விளங்காதவன்போல் பார்த்தான். பிறகு நன்றி சொன்னான்.

வேறொன்றும் அவள் கண்ணில் பட்டது. அவன் சாப்பாட்டைப் படம் எடுக்கவில்லை. ஒவ்வொரு கடையிலும் கண்ணாடிப் பெட்டியைத் தாண்டி, சமையலறைக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தான். கதவு திறந்து யாராவது வெளியே வந்தால், அந்த முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் தட்டைப் பார்த்தான். சமையல் அவ்வளவு பிடித்தவன் போலும் என்று அவள் நினைத்தாள். நல்லதாக நினைப்பதில் அவளை யாரும் வெல்ல முடியாது.

எட்வேட் அண்ணையின் கடையில் கூட்டம். மரக்கறி றோல்ஸை எடுக்க அவள் குனிந்தபோது அவன் தானாகவே விரலை நீட்டி, அந்த மீன் பற்றிஸில் இரண்டு கொடுங்கள் என்று கேட்டான். வாங்கிக் கையில் வைத்துத் திருப்பிப் பார்த்தான். மற்றவர்கள் பற்றிஸின் ஓரத்தை முள்ளுக்கரண்டியால் அழுத்திவிடுவார்கள். பிறின்சி விரலாலேயே மடித்து மடித்துத் தலைப்பின்னல் போலப் பின்னுவாள். அவன் அந்தப் பின்னலின்மேல் பெருவிரலை மெதுவாக ஓட்டினான். பிறகு ஓரத்தை மட்டும் சுற்றிவரக் கடித்துத் தின்றான். நடுத் துண்டைக் கடைசியில்தான் வாயில் போட்டான். சின்னப் பிள்ளை மாதிரிச் சாப்பிடுகிறானே என்று அவளுக்குச் சிரிப்பு வந்தது.

"எல்லாத்துக்கும் யாரு, எந்த ஊருன்னு சொன்னீங்க அக்கா. இதுக்கு மட்டும் சொல்லலையே" என்றான்.

மெற்றில்டாவுக்குச் சுருக்கென்றது. தொழிலில் ஒரு குறை சொன்னதுபோல் இருந்தது.

"ஒரு மன்னார்ப் பிள்ளை, தம்பி. பேர் சொல்லேலாது. அவவுக்குக் கூச்சம்."

பெயரைச் சொல்லவில்லை என்று மனதுக்குள் ஒரு நிறைவு அவளுக்கு. அவன் மேலே பெயர் கேட்கவும் இல்லை. கை நல்ல கை, நேரில் பார்த்து ஒரு வார்த்தை சொல்லலாமா என்று மட்டும் கேட்டான்.

"இண்டைக்கு வெள்ளனவே போயிட்டா. சிலுவைப்பாதையெல்லே. பிள்ளையையும் கூட்டிக்கொண்டு என்னோடைதான் முன்வரிசை வாங்கிலை இருப்பா" என்றாள் மெற்றில்டா.

அவன் தலையை ஆட்டினான். எட்வேட் அண்ணை உள்ளே எண்ணெய்ச் சட்டியோடு நின்றார், அவருக்கு எதுவும் கேட்கவில்லை.

கடைசிக் கடை வேதவல்லி அக்காவுடையது. தோசையும் சம்பலும் கொண்டுவந்து வைத்துவிட்டு, இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு நின்றாள் அவள். வெள்ளிக்கிழமையும் அதுவுமாய் வேறு சட்டியில், வேறு அகப்பையில், மாசி படாமல் செய்த சம்பல், சைவக்காரத் தம்பி ஒரு சந்தேகமும் இல்லாமல் சாப்பிடலாம் என்றாள்.

அப்போதுதான் மெற்றில்டா கையில் எடுத்த தோசைத் துண்டைத் திரும்பத் தட்டில் வைத்தாள்.

சற்றுமுன் இரண்டு மீன் பற்றிஸ் தின்றவன். மாசி போடாதே என்று தான் கடை கடையாகக் கெஞ்சியது எவனுக்காகவோ, அவன். வெள்ளிக்கிழமை இறைச்சி தொடாத சைவக்காரன் மீனையும் தொடமாட்டான். இறைச்சியை மறித்துவிட்டு மீனைக் கேட்டு வாங்கித் தின்கிறவன் தவக்காலத்து வேதக்காரன், அவளைப் போலவே கிறிஸ்தவன். குருநகரிலும் மன்னாரிலும் எல்லா வீட்டிலும் இன்றைக்கு மீன்தான். அவளுடைய வீட்டுச் சட்டியிலும் மீன்தான் கிடக்கிறது. தன்னுடைய நோன்பைத் தானே அடையாளம் காணாமல் இவ்வளவு நேரமும் கூட்டிக்கொண்டு திரிந்திருக்கிறாள்.

முருகன் கோயில் என்றது பொய். கார்த்திகேசுவின் பேரன் என்றது பொய். ஒரு வேதக்காரன் லண்டனில் எதற்காகத் தன்னைச் சைவக்காரன் என்று சொல்லிக்கொண்டு கடை கடையாகச் சமையலறைக் கதவைப் பார்க்க வேண்டும்? பிறின்சியின் புருஷன் றொஷானின் முகம் தங்களில் யாருக்கும் தெரியாது என்பது இப்போதுதான் அவள் நினைவுக்கு வந்தது. நிமிர்ந்து பார்க்கவே பயமாக இருந்தது. பார்த்தபோது அவன் சம்பலைத் தொட்டுக்கொண்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"தம்பி, உங்கடை வீட்டிலை வெள்ளிக்கிழமையிலை மீன் சாப்பிடுறனீங்களோ?" என்றாள்.

அவன் விரலைத் துடைத்தான். எந்த அவசரமும் இல்லை. பிறகு முதல் தடவையாக மலேசியப் பேச்சை விட்டுவிட்டு ஊர்ப் பேச்சில் பேசினான்.

"ஓம் அக்கா. மீன் சாப்பிடலாம்தானே."

எழுந்து கோட்டுப் பொத்தானைப் பூட்டினான். இன்னும் அரை மணித்தியாலம் இருக்கிறதே என்று வேதவல்லி அக்கா சொன்னாள். இவ்வளவும் காணும், வந்த அலுவல் முடிந்துவிட்டது என்று சிரித்துச் சொல்லிவிட்டு அவன் சனத்துக்குள் இறங்கிப் போனான். ஈலிங் றோட்டில் அந்த நேரத்துச் சனத்தில் ஒரு கறுப்புக் கோட்டு மறைய எவ்வளவு நேரம் எடுக்கும்.

மெற்றில்டா பிறின்சிக்கு ரெலிபோன் எடுத்தாள். அடிக்கவே இல்லை. கோயிலுக்குள் கால் வைக்கும்போதே போனை நிறுத்திவிடுகிறவள் அவள், மெழுகுதிரி வைக்க நேரத்தோடே போய்விடுவாள். கோயில் அலுவலகத்துக்கு எடுத்தாள், பதிவுசெய்த குரல்தான் பேசிற்று. எட்வேட் அண்ணைக்கு எடுத்தாள். விஷயத்தைச் சொல்லத் தொடங்குமுன்னே அவர், உம்முடைய ஆள் நல்ல ருசி கண்டவன், இப்பதான் திரும்பிவந்து இன்னும் இரண்டு பற்றிஸ் வாங்கிக்கொண்டு ராக்சி ஏறிப் போறான் என்றார். மெற்றில்டா சொல்லி முடித்தபோது அந்தப் பக்கம் எண்ணெய்ச் சட்டியை இறக்கிவைக்கிற சத்தம் கேட்டது. கடையைப் பூட்டிப்போட்டு வாறன் என்றார்.

பொலிசுக்கு எடுத்தாள். நிதானமான குரலில் ஒரு பெண் என்ன நடந்தது என்று கேட்டாள். என்ன சொல்வது? ஒருவன் வெள்ளிக்கிழமை மீன் தின்றான் என்றா? அவளுக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் அதை விளக்க முடியவில்லை. விளங்கியிருந்தாலும் யார் நம்புவார்கள். ஆபத்து, ஒரு பெண், ஒரு பிள்ளை, கோயில் என்று மாறி மாறிச் சொன்னாள். அவனுடைய பெயர் என்ன என்று அந்தப் பெண் கேட்டாள். விஜயன் என்று வாய்வரை வந்தது. அது அவன் பெயரில்லையே என்று தடுமாறி றொஷான் என்றாள், அதற்குமேல் அவளுக்குத் தெரியாது. யாரையாவது அனுப்பப் பார்க்கிறோம் என்று அந்தக் குரல் சொன்னது.

பஸ் வெம்பிளிச் சந்தியில் சிக்கிக்கொண்டது. இருபது நிமிடம் நகரவில்லை. மெற்றில்டா கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தான் சொன்னவை ஒவ்வொன்றாய்த் திரும்பி வந்தன. கிங்ஸ்பரிக் கோயில் என்றது முதல் கடைக்கு முன்னால். ஐந்தரை மணி என்றதும் அதோடுதான். மன்னார்ப் பிள்ளை, கூடவே ஒரு குழந்தை, முன்வாங்கு. பெயரை மட்டும் பத்திரமாகப் பொத்தி வைத்திருந்தாள், அது ஒன்றுதான் அவனுக்கு ஏற்கெனவே தெரிந்தது.

கோயிலுக்குள் அவள் ஓடி நுழைந்தபோது சிலுவைப்பாதை தொடங்கவில்லை. ஒவ்வொரு வாங்காகப் பார்த்தாள். தெரிந்த முகங்கள்தான். கறுப்புக் கோட்டு எங்கும் இல்லை. முன்வாங்கில் பிறின்சி முழந்தாளில் இருந்தாள், பக்கத்தில் மகள் அஜித்தா காலை ஆட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மெற்றில்டாவுக்கு அழுகை வந்தது. பிந்தவில்லை. மாதாவே, பிந்தவில்லை. போய்ப் பக்கத்தில் விழுந்தாற்போல் உட்கார்ந்தாள்.

பிறின்சி திரும்பிச் சிரித்தாள்.

"அன்ரி, நீங்கள் பற்றிஸ் குடுத்துவிட்டனீங்களோ? நான் மெழுகுதிரி வைக்கேக்கை பிள்ளை வாசலிலை பசியோடை நிண்டது, நல்லதாப் போச்சு."

அஜித்தாவின் மடியில் எட்வேட் அண்ணை கடையின் கடதாசிப் பை இருந்தது. வாயெல்லாம் துகள்.

"ஆர் தந்தது, குஞ்சு?" என்று மெற்றில்டா கேட்டாள்.

"வெளியிலை ஒரு மாமா" என்றது பிள்ளை. "என்ரை பேர் கேட்டவர். வடிவான பேர் எண்டவர்."

பிறின்சியின் சிரிப்பு குறைந்தது. கையை நீட்டிப் பையை வாங்கினாள். உள்ளே இன்னொரு பற்றிஸ் கிடந்தது. அதை வெளியே எடுத்தாள்.

பின்னல் ஓரம் முழுதும் சுற்றிவரக் கடித்துத் தின்னப்பட்டிருந்தது. நடுத் துண்டு மட்டும் மிச்சம்.

பிறின்சி அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். எத்தனை காலம் அவள் பரிமாறிய தட்டில் அப்படி நடுத் துண்டு கடைசிவரை கிடந்திருக்கும். மற்றக் கையால் தன் மணிக்கட்டை, பழைய முறிவு இருந்த இடத்தை, இறுகப் பிடித்துக்கொண்டாள். அவள் திரும்பி வாசலைப் பார்க்கவில்லை. பிள்ளையைத்தான் இழுத்து அணைத்தாள்.

பங்குச் சுவாமியார் பீடத்திலிருந்து இறங்கினார். சனம் எழுந்து நின்றது. பின்னால் பெரிய கதவு திறந்து மூடுகிற சத்தம் கேட்டது. பிந்திவந்த யாரோ ஒருவரின் சப்பாத்துச் சத்தம் நடுப்பாதையில் மெதுவாக வந்தது.

"அன்ரி" என்றாள் பிறின்சி, உதடு அசையாமல். "இண்டைக்கு ஆரைக் கூட்டிக்கொண்டு திரிஞ்சனீங்கள்? எந்த ஊர் ஆள்?"

ஐந்து வருடமாக அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லியே பிழைத்த மெற்றில்டா, நடுப்பாதைப் பக்கமாய் நகர்ந்து பிள்ளையை மறைத்து நின்றாள்.