பேல்டாண்டிக்கு ஒரு செவிலியர்

நீதிபதி வைத்த கெடு மறுநாள் காலை பத்தரை மணி. அதற்குள் பேல்டாண்டி துணை சுகாதார நிலையத்துக்குச் செவிலியர் போய்ச் சேராவிட்டால் சுகாதாரத் துறைச் செயலர் வீட்டுக்குத் திரும்ப வேண்டியதில்லை, இங்கிருந்தே சிறைக்குப் போகலாம் என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டார்.

அங்கே செவிலியரை நியமிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்து பதினான்கு மாதமாக நகராத நியமனம் அரை மணி நேரத்தில் கையெழுத்தானது. ஒரு செவிலியரை ஜீப்பில் ஏற்றி, பேல்டாண்டிக்குப் படகேறும் கோசி ஆற்றங்கரையில் இறக்கியும் விட்டார்கள். மிச்சமிருந்தது தாமதத்துக்கு ஒரு காரணம். செயலர், பிரிவு உதவியாளர் சசிகாந்த் தாஸை அறைக்குக் கூப்பிட்டார்.

"கோப்பு உங்க பிரிவுலதானே இருந்துச்சு, தாஸ்ஜி?"

"நாலு தடவ மேல அனுப்பினேன் சார். நாலு தடவயும் 'பேசவும்'னு எழுதித் திரும்பி வந்துச்சு. யாரும் கூப்பிட்டுப் பேசல."

"அத நான் கேக்கல. திரும்பி வந்தப்புறம் உங்க பீரோலதானே இருந்துச்சு?"

"ஆமா சார்."

"அத எழுதிக் குடுங்க. கோர்ட்டு சூடு ஆறட்டும், உங்கள நான் பாத்துக்கறேன்."

தாஸுக்கு ஓய்வு பெற ஏழு மாதம் இருந்தது. எழுதிக்கொடுத்தார்.

மறுநாள் நீதிமன்றத்தில் செயலர் கைகூப்பி நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்டார். பின்னால் நின்ற தாஸைக் காட்டி, கீழ்நிலை ஊழியரின் கவனக்குறைவு என்றார் அரசு வழக்கறிஞர். உத்தரவு நிறைவேறிவிட்டதால் அவமதிப்பு வழக்கு முடிந்தது என்றும், அந்த ஊழியர் மேல் நடவடிக்கை எடுக்கலாம் என்றும் நீதிபதி சொல்ல, அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

தாழ்வாரத்தில் மனுதாரர் ஜகதேவ் முகியா தாஸை மறித்தார். படகோட்டி. பிரசவ வலியோடு ஆற்றைக் கடக்கும்போது அவருடைய மகள் அவர் படகிலேயே இறந்துபோனாள். அதன் பிறகுதான் வழக்குப் போட்டார்.

"அந்தத் தாள அமுக்கி வச்சிருந்தது நீங்கதானா, பாபு?"

நாலடி தள்ளிச் செயலர் நின்றிருந்தார்.

"நாந்தான்" என்றார் தாஸ்.

ஜகதேவ் திட்டவில்லை. தாஸின் முகத்தை உற்றுப் பார்த்துவிட்டுப் போய்விட்டார். அந்த வாரமே தாஸுக்குத் தற்காலிகப் பணிநீக்க ஆணை வந்தது. செயலர் வேறு துறைக்கு மாறிப்போனார், தொலைபேசியை எடுப்பதேயில்லை.

ஒரு மாதம் தாஸுக்கு ஒழுங்காகச் சோறு இறங்கவில்லை. ஜகதேவிடம் மட்டுமாவது உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று பஸ் ஏறினார். படகுத்துறையில் ஜகதேவ் அவரை அடையாளம் கண்டுகொண்டு, ஒன்றும் கேட்காமல் ஏற்றி அக்கரை சேர்த்தார். சுகாதார நிலையம் பூட்டியிருந்தது.

"பதினோரு நாள் இருந்துச்சு அந்தப் பொண்ணு. ரெண்டு பிரசவம் பாத்துச்சு. நல்ல பொண்ணு. அப்புறம் மாவட்ட ஆஸ்பத்திரிக்கு ஆள் பத்தலன்னு கூட்டிட்டுப் போயிட்டாங்க" என்றார் ஜகதேவ்.

"அன்னைக்கு நான் சொன்னது பொய். கோப்ப நான் அமுக்கல. நாலு தடவ மேல அனுப்பினேன்."

"யாரா இருந்தா என்ன பாபு. ஆபீஸ்ல வேல பாத்தவரு, நீங்களே சொல்லுங்க. மறுபடி கோர்ட்டுக்குப் போலாமா?"

அப்படிப் போனால் துறை தரப்போகும் பதில் தாஸுக்கு நன்றாகத் தெரியும். இப்படிப்பட்ட பதில்களை அவரே எத்தனையோ முறை வரைந்து கொடுத்திருக்கிறார்.

"போலாம். ஆனா உத்தரவ மீறலன்னு சொல்லிடுவாங்க. இங்க போட்ட நியமனம் இன்னும் ரத்தாகல. ஆஸ்பத்திரிக்கு அனுப்பினது தற்காலிகமாத்தான்னு காட்டுவாங்க."

"அப்ப பேப்பர்ல அந்தப் பொண்ணு இங்கதான் இருக்கு."

"ஆமா."

ஜகதேவ் பூட்டைப் பார்த்தார். கரையில் மூன்று பேர் காத்திருந்தார்கள். அவர் துடுப்பை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனார். தாஸும் பின்னாலேயே போய்ப் படகில் ஏறி உட்கார்ந்தார்.