ஐவரி லேம்ப்கின் வீட்டு சோபா

"கொஞ்சம் நகருங்கம்மா" என்று சொல்லிவிட்டு, அமரர் ஊர்தியில் வந்த இரண்டு பேரும் எமரி விட்டக்கரை சோபாவிலிருந்து தூக்கினார்கள். தலை தொங்கிவிடாமல் மகள் லெனோரா கையைக் கொடுத்தாள். காலையில் அப்பா காபி கேட்டார். அவள் போட்டுக்கொண்டு வந்தபோது உயிர் இல்லை. வாடகைக்கு எடுத்த ஆஸ்பத்திரிக் கட்டில் பக்கத்து அறையில் உறைகூடப் பிரிக்காமல் கிடந்தது.

"இந்தச் சனியன் பிடிச்ச சோபாவிலதான் படுப்பேன்னு ஒத்தக் கால்ல நின்னான். கடைசியில ஜெயிச்சுட்டான் பாரு" என்றாள் பெர்னிஸ் அத்தை. அழுதுகொண்டேதான் திட்டினாள். தம்பியைத் திட்டாமல் அவளுக்கு ஒரு நாளும் போனதில்லை.

சனியன் பிடித்த சோபாதான். பழுப்பு நிறம், வரிவரியான தடித்த துணி, உள்ளே பழைய காலத்து நுரைப்பஞ்சு. கிழக்கு டெக்சாஸில் உள்ள பழைய சாமான் கடையெல்லாம் ஏறி இறங்கி, ஒரு விதவையின் கார் கொட்டகையில் எமரி அதைக் கண்டுபிடித்தார். அவருடைய கட்சிக்காரன் ஐவரி லேம்ப்கின் வீட்டில் இருந்தது இதே ரகம். அந்த வீடு எரிந்து, அவனுடைய இரண்டு பெண் குழந்தைகளும் உள்ளே செத்துப் போனார்கள். தரையில் இருந்த கருகல் தடத்தைப் பார்த்த தீ விசாரணை அதிகாரி, பெட்ரோல் ஊற்றியிருக்கிறான் என்று சாட்சி சொன்னார். பெற்ற அப்பனுக்கு ஆயுள் தண்டனை. இருபது வருஷம் ஓடிவிட்டது.

மூடின அறையில் இப்படியொரு சோபா பற்றினால், கொஞ்ச நேரத்தில் அறை மொத்தமும் ஒரே மூச்சில் எரியும். ஒரு சொட்டு பெட்ரோல் இல்லாமலே தரையில் அதே தடம் விழும். வாயால் சொன்னால் எந்தக் கோர்ட் நம்பும்? அதே மாதிரி அறை கட்டி, அதே சாமான்களைப் போட்டு, கொளுத்திக் காட்ட வேண்டும். எமரி வக்கீலாக வாழ்நாள் முழுக்க செய்தது இதைத்தான். மற்ற வக்கீல்கள் பேசினார்கள், இவர் கொளுத்தினார்.

அதனாலேயே அந்த வீட்டில் எந்த சாமானும் நிலைத்ததில்லை. லெனோரா ஐந்தாம் வகுப்பு படித்தபோது ஒரு நாள் பள்ளிக்கூடம் விட்டு வந்தால் சோபாவைக் காணோம். அப்பா உடம்பெல்லாம் புகை நாற்றத்தோடு, பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டு வாசலில் நின்றார். அந்த சோபாவால் வர்ஜில் பீட்டி என்பவர் சிறையிலிருந்து வெளியே வந்தார். அவள் தரையில் உட்கார்ந்து டிவி பார்த்தாள். அப்பாவோடு பல நாள் பேசவில்லை.

போன மாதம்கூட அவள் கேட்டாள்.

"கட்டில் இருக்கே, ஏம்ப்பா இதுல கிடந்து முதுகை ஒடிச்சுக்கறீங்க?"

"பொழுதுபோகவா படுத்திருக்கேன்? லேம்ப்கின் வீட்டுல ஜனங்க உக்காந்து எழுந்திரிச்ச சோபாம்மா அது. இது கொலுவுல வச்ச மாதிரி இருந்தா அரசு வக்கீல் சும்மா விடுவானா?"

"சாகக் கிடக்கறதும் கேஸ் வேலைதானா உங்களுக்கு?"

அவர் சிரித்தார். சிரிப்பு இருமலாகி, இருமல் நிற்க வெகுநேரம் ஆயிற்று.

சனிக்கிழமை அடக்கம் முடிந்தது. வீட்டில் பொரித்த கோழியும் பீச் பழம் வைத்துச் சுட்ட பலகாரமும் மேஜை நிறைய. ஜனம் குறைந்த பிறகு ஹாலிஸ் வந்தார். பழைய தீயணைப்பு வீரர், எமரிக்காக அறை கட்டிக் கொளுத்துகிறவர். தொப்பியைக் கையில் வைத்துத் திருகிக்கொண்டே நின்றார். பின்னால் கறுப்பு கோட்டில் வர்ஜில் பீட்டி.

"கேக்கவே வாய் வரல பாப்பா."

"சோபாவா?"

"திங்கக்கிழமை ஒரு நாளைக்குத்தான் கொளுத்திக் காட்ட மைதானம் கிடைச்சிருக்கு. அடுத்த வாரம் விசாரணை."

"வேற சோபா கிடைக்காதா?"

"கிடைச்சா உன் வாசலை மிதிச்சிருப்பேனா?"

அத்தை பாய்ந்துவிட்டாள். "வெக்கமா இல்ல ஹாலிஸ் உனக்கு? குழிமண்ணு இன்னும் காயல. அவன் உசிரு போன இடம்யா அது! அதையா கொளுத்தப் போறீங்க?"

லெனோரா அந்த சோபாவை ஹூஸ்டனில் உள்ள தன் வீட்டுக்குக் கொண்டுபோக, வாசற்கதவின் அகலத்தைக்கூட அளந்து வைத்திருந்தாள். தலைமாட்டில் அப்பாவின் எண்ணெய் வாசனை இன்னும் இருந்தது. அவளுக்குக் கோபம் வந்தது. செத்தவர் மேல்தான் வந்தது. இந்த மனுஷன் எனக்கென்று ஒன்றையாவது விட்டுவைத்தாரா?

"லேம்ப்கினுக்குத் தெரியுமா, அப்பா போயிட்டார்னு?"

"சொன்னேன். 'அப்ப திங்கக்கிழமை?'ன்னான். கேட்டுட்டு, உடனே மன்னிச்சுக்கங்கன்னான்."

வர்ஜில் தொண்டையைச் செருமினார். "அன்னிக்கு எரிஞ்சது உன் சோபான்னு வக்கீலய்யா சொன்னாரும்மா. வெளிய வந்ததும் உனக்கு ஒண்ணு வாங்கணும்னு கடைக்குப் போனேன். உனக்கு எந்தக் கலர் பிடிக்கும்னு தெரியல. திரும்பி வந்துட்டேன்."

அவள் அவரைப் பார்த்தாள். பிறகு சோபாவின் மேல் விரித்திருந்த போர்வையை எடுத்து மடித்தாள்.

"அந்தப் பக்கம் பிடிங்க ஹாலிஸ் மாமா."

நாலு பேருமாகத் தூக்கினார்கள். அத்தையும் வாயில் வசவோடு ஒரு மூலையைப் பிடித்தாள். ஹாலிஸின் லாரியில் ஏற்றியதும், அத்தை குழிந்து கிடந்த மெத்தையைத் தட்டிச் சரிபண்ணக் கையை நீட்டினாள்.

"தட்டாதீங்க அத்தை" என்றாள் லெனோரா. "அப்படியே இருக்கட்டும்."

ஹாலிஸ் தார்ப்பாயை இழுத்துக் கட்டினார். லாரி திருப்பத்தில் மறைந்தது.

கூடத்தில் கம்பளத்தின் மேல் சோபாவின் கால்கள் அழுந்திய நாலு பள்ளம் இருந்தது. அத்தை எச்சில் தட்டுகளை அடுக்கி எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். நேராகவே போயிருக்கலாம். சோபா இருந்த இடத்தைச் சுற்றிக்கொண்டு போனாள். பின்னாலேயே தம்ளர்களோடு லெனோராவும் சுற்றிக்கொண்டுதான் போனாள்.