மாமியாருக்குக் கொடுத்த சாகாவரம்

அலுவலகத்தில் அவனை எல்லோரும் ரீஸ்டார்ட் என்றுதான் கூப்பிடுவார்கள். எது கெட்டுப்போனாலும் அவன் வாயிலிருந்து முதலில் வரும் வார்த்தை அது. பெரும்பாலும் கடைசியில் வருவதும் அதுவேதான். சர்வர் திணறுகிறதா, அணைத்துப் போடு. காபி மெஷின் பாலைத் துப்புகிறதா, அணைத்துப் போடு. கல்யாணத்துக்கு முன்னால் வருங்கால மனைவியோடு சண்டை வந்தபோதுகூட போனை அணைத்துவிட்டு, மறுநாள் காலை போட்டுப் பார்த்து, கோபம் போய்விட்டதா என்று சோதித்த ஆசாமி. ஆனால் வேலை என்னவோ லேசுப்பட்டதில்லை. ஊர் உலகமெல்லாம் விழுந்து விழுந்து ஆடுகிற ஒரு துப்பாக்கி விளையாட்டின் சர்வர்களைக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்துக்கொள்ள வேண்டும்.

அன்று காலை அவன் தோளிலிருந்து பையை இறக்குவதற்குள் மேனேஜர் பேனா மூடியைக் கடித்துக்கொண்டே ஓடிவந்தார். மூடி பாதி காணாமல் போயிருந்தது. விஷயம் பெரிதுதான் என்று அதிலேயே தெரிந்தது.

"ஒரு மேட்ச் முடிய மாட்டேங்குதுப்பா."

"முடியலைன்னா?"

"முடியலைன்னா முடியலைதான். நான் வந்ததுலேர்ந்து ஓடுது. மத்த எல்லா மேட்சும் முடிஞ்சாச்சு. இது ஒண்ணு முடிஞ்சாதான் மதியம் புது அப்டேட்டை ஏத்த முடியும்."

விளையாட்டின் கதை சின்னதுதான். ஒரு தீவில் நூறு பேர் குதிப்பார்கள். ஒருவரை ஒருவர் சுட்டுக்கொள்வார்கள். சுற்றி ஒரு நெருப்பு வேலி சுருங்கிக்கொண்டே வந்து எல்லோரையும் நடுவில் தள்ளும். கடைசியாக மிஞ்சுகிறவர் ஜெயித்தவர். அரை மணியில் ஆடி முடித்துவிட்டு அவரவர் பிழைப்பைப் பார்க்கப் போய்விடலாம்.

"சார், பேசாம ரீஸ்டார்ட்..."

"வாயைக் கழுவுங்க! உள்ள யாரு இருக்கான்னு தெரியுமா? சூறாவளி!"

சூறாவளி என்பவன் தான் ஆடுவதை லைவாகக் காட்டியே பேர் வாங்கிய ஆட்டக்காரன். தொடர்ந்து ஜெயித்துக்கொண்டே வருகிறான். இன்றைக்கு இந்த முடியாத மேட்சைப் பார்க்க ஒரு ஊரே திரண்டு வந்து உட்கார்ந்திருந்தது. பாதியில் பிடுங்கிப் போட்டால், ஜெயிக்கிற பையனைக் கம்பெனியே கவிழ்த்துவிட்டது என்று நாறடித்துவிடுவார்கள்.

சுவரில் இருந்த பெரிய திரையை ரீஸ்டார்ட் நிமிர்ந்து பார்த்தான். வேலி சுருங்கிச் சுருங்கி, ஒற்றை அறைக் குடிசையும் அதன் வாசலும் மட்டும் கொள்கிற அளவுக்கு வந்து நின்றிருந்தது. அதற்குமேல் அது சுருங்காது. உள்ளே இரண்டே பேர். சூறாவளி தோட்டாவெல்லாம் தீர்ந்துபோய், கையில் கிடைத்த மண்வெட்டியால் எதிராளியை வெளுத்துக்கொண்டிருந்தான். எதிராளி அதைச் சட்டையே செய்யவில்லை. சூறாவளி வெளியே ஓடுவதும் திரும்பி உள்ளே பாய்வதுமாக இருக்க, ஒவ்வொரு தடவையும் அவன் திறந்து போட்டுவிட்டுப் போன கதவை எதிராளி பொறுப்பாகச் சாத்திக்கொண்டிருந்தது. அந்தத் தலைக்கு மேலே பச்சை எழுத்தில் பெயர் மிதந்தது: வாயைத்திற.

ரீஸ்டார்ட் அந்தப் பெயரை இரண்டாம் முறை படித்தான். அந்தக் கணக்கை உண்டாக்கியவனே அவன்தான். உள்ளே நின்று கதவு சாத்திக்கொண்டிருந்தது அவனுடைய மாமியார்.

மாமியார் பல் டாக்டர். முப்பது வருடம் ஊராரின் வாயைத் திறக்கச் சொல்லியே வாழ்ந்தவர். மூட்டு ஆபரேஷன் முடிந்து மகள் வீட்டில் வந்து தங்கியிருந்தார். சும்மா உட்கார்ந்து பழக்கமில்லாத மனுஷி. முதல் வாரத்திலேயே சமையலறை டப்பாக்களை எல்லாம் உயர வாரியாக அடுக்கிவிட்டு, அடுத்து மாப்பிள்ளை பக்கம் திரும்பினார். "நீங்க அப்படி என்னதான் வேலை பார்க்குறீங்கன்னு நானும் பார்க்குறேனே." ஆடினார். குதித்த வேகத்தில் செத்தார். மறுபடி குதித்தார், மறுபடி செத்தார். ஒவ்வொரு சாவுக்கும் ஒரே தீர்ப்புதான்: "உங்க ஆட்டம் சரியில்ல, மாப்பிள்ளை." சாப்பாட்டு மேஜையில் சொன்னார், தூங்கப் போகும்போது சொன்னார், மகளிடம் தனியாகவும் சொன்னார். கல்யாணமான நாளிலிருந்தே அவனை ஒரு சொத்தைப் பல்லைப் பார்ப்பதுபோலத்தான் அவர் பார்ப்பார். இப்போது எக்ஸ்ரேயும் கையில் கிடைத்த மாதிரி ஆகிவிட்டது.

தாங்க முடியாமல், இரண்டாவது வாரம் அவன் அந்தக் காரியத்தைச் செய்தான். மாமியாரின் கணக்கை ஆவிக் கணக்காக மாற்றிவிட்டான்.

ஆவிக் கணக்கு என்பது அலுவலகத்து ஆட்களுக்கானது. சுவர் நிற்கிறதா, கதவு திறக்கிறதா என்று சோதிக்க ஊழியர்கள் நிஜ மேட்சுக்குள்ளேயே போவார்கள். சோதனை நடுவே செத்துத் தொலையக் கூடாது, காசு கொடுத்து ஆடுகிறவர்களைக் கொன்று வயிற்றெரிச்சலையும் கொட்டிக்கொள்ளக் கூடாது. அதனால் ஆவிக்குச் சாவும் இல்லை, அது சுட்டால் யாருக்கும் காயமும் இல்லை. பத்துப் பேர் மிஞ்சும்போது ஆவி தானாகவே வெளியேற வேண்டும் என்பது வழக்கம். எங்கேயும் எழுதி வைக்கவில்லை. அங்கே வேலை பார்க்கிற எல்லோருக்கும் தெரியும் என்பதால் யாரும் யாருக்கும் சொன்னதில்லை. அந்தப் பழக்கதோஷத்தில்தான் ரீஸ்டார்ட்டும் மாமியாரிடம் சொல்லவில்லை. தினமும் காலுக்குப் பயிற்சி கொடுக்க வரும் பெண் ஆட்டத்தின் பாதியிலேயே வெளியேறும் பட்டனை அழுத்தி மாமியாரை எழுப்பிவிடுவாள், அதனால் வினையும் வரவில்லை. இன்றைக்கு அந்தப் பெண் லீவு.

ஆனால் அந்தச் சில வாரங்களில் வீடு சொர்க்கமாகிவிட்டது என்பதையும் சொல்லிவிட வேண்டும். "என் குறி கொஞ்சம் தப்புது. ஆனா தப்பிக்கிறதுல என்னை அடிச்சுக்க ஆளில்ல" என்று மாமியார் தோழிகளுக்கெல்லாம் போன் போட்டுச் சொன்னார். மகளிடம் ஒருநாள், "மாப்பிள்ளை மூளைக்காரர்தான்டி" என்றே சொல்லிவிட்டார். அதைக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்ட ரீஸ்டார்ட்டுக்கு அன்று முழுக்கத் தரையில் கால் பாவவில்லை. இப்போது அந்த ஒரு வார்த்தை போய்விடுமே என்றுதான் அவனுக்குப் பயம். வேலை போனால் வேறு வேலை தேடிக்கொள்ளலாம். இன்னொரு முறை அந்த வாயிலிருந்து 'மூளைக்காரர்' வருமா?

"எதிர்ல இருக்கிறதை வெளிய தள்ளிட வேண்டியதுதானே?" என்றார் மேனேஜர்.

"முடியாது சார்" என்றாள் பக்கத்து மேஜையில் இருந்த கொசு. சோதனைப் பிரிவுக்காரி. காதருகே வந்து நொய்நொய் என்று பிழைகளைச் சொல்லிக்கொண்டே இருப்பதால் அந்தப் பெயர். "அது ஆவிக் கணக்கு. மேட்ச் நடுவுல மாத்தவும் முடியாது, தள்ளவும் முடியாது. அதுவா பட்டனை அழுத்தி வெளிய வந்தாதான் உண்டு. போன வருஷம் அப்படி எழுதினது நம்ம ரீஸ்டார்ட்தான்."

"யாரோட கணக்கு அது? ஆபீஸ்ல எல்லாரும் இங்கதானே இருக்கோம்?"

"பார்த்துச் சொல்றேன் சார்" என்று கொசு தட்டினாள். அவள் முகம் மாறியதை ரீஸ்டார்ட் பார்த்தான். அவனருகில் குனிந்து, "மதியத்துக்குள்ள நீயே சொல்லிடு. இல்லன்னா நான் சொல்ல வேண்டி வரும்" என்று கிசுகிசுத்தாள்.

அவன் சர்வர் அறைக்குள் ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டான். உள்ளே குளிர் எலும்பைக் குடைந்தது. அவனுக்கு என்னவோ வேர்த்துக் கொட்டியது. வீட்டுக்குப் போன் போட்டான்.

"மாப்பிள்ளை, அப்புறம் பேசலாமா? ஒருத்தன் மண்வெட்டியால அடிச்சுக்கிட்டே இருக்கான்."

"அத்தை, சர்வர்ல ரிப்பேர். நீங்க கொஞ்சம் வெளிய வந்திடுங்க."

"ரிப்பேர்னா முதல்ல அவனை அனுப்புங்க. நான் ஜெயிக்கப் போறேன்."

"ரொம்ப நேரம் பார்த்தா கண்ணுக்குக் கெடுதல், அத்தை."

"முப்பது வருஷம் கடவாய்ப்பல்லுக்குப் பின்னாடி டார்ச் அடிச்சுப் பார்த்த கண்ணு இது. ஒண்ணும் ஆகாது."

"அத்தை, கரண்ட் போகப் போகுதாம்."

"மாப்பிள்ளை." துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவே குரல் மட்டும் நிதானமாக வந்தது. "பொய் சொல்றவங்க பேசும்போது நாக்கு மேலண்ணத்துல ஒட்டும். உங்களுக்கு ஒட்டுது. என்ன விஷயம்?"

அணைத்துப் போட இங்கே பட்டன் ஏதும் இல்லை. சொன்னான். ஆவிக் கணக்கு, சாகாவரம், பத்துப் பேர் வழக்கம் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினான்.

மண்வெட்டிச் சத்தத்துக்கு நடுவே மாமியார் பழைய ஆட்டங்களை ஒவ்வொன்றாகக் கேட்கத் தொடங்கினார்.

"அப்ப அன்னைக்கு மலைமேல பத்துப் பேருக்கு நடுவுல மாட்டித் தப்பிச்சு வந்தேனே?"

"அதுவும்தான், அத்தை."

"ஆத்துக்குள்ள ஒளிஞ்சிருந்தது?"

"அதுவும்தான்."

"என் சிநேகிதிங்க கிட்டல்லாம் சொல்லிட்டேனே." குரல் இறங்கிப் போயிருந்தது. அவர் அப்படிப் பேசி அவன் கேட்டதே இல்லை. அதைவிட அவர் திட்டியிருக்கலாம் என்று அவனுக்கு அழுகையே வந்தது. "ஒண்ணு மட்டும் சொல்லுங்க. நான் ஆடுறதைப் பார்த்து நீங்களும் அவளும் உள்ளுக்குள்ள சிரிச்சீங்களா?"

"சத்தியமா இல்ல, அத்தை. அவளுக்குத் தெரியவே தெரியாது. நீங்க ஆட்டம் சரியில்லன்னு சொல்லிக்கிட்டே இருந்தீங்க. என்னையே சரியில்லன்னு சொல்ற மாதிரி இருந்துச்சு. பயந்துபோய்ப் பண்ணிட்டேன்."

"நானும் வலிக்காதுன்னு சொல்லிட்டுத்தான் பல்லைப் பிடுங்குவேன்" என்றார் மாமியார். "ஆனா பிடுங்கினப்புறம் பல்லைக் கையில காட்டிடுவேன். எந்தப் பட்டனை அழுத்தணும்?"

சொன்னான். போன் வைக்கப்பட்டது. அவன் வெளியே வந்தபோது அலுவலகமே திரைக்கு முன்னால் குவிந்திருந்தது. வாயைத்திற கதவைச் சாத்துவதை நிறுத்திவிட்டு, துப்பாக்கியைத் தரையில் வைத்திருந்தது. மைக் உயிர்பெற்றது. ஊரே கேட்டுக்கொண்டிருந்த லைவில், ஒரு பல் டாக்டரின் குரல் கணீரென்று ஒலித்தது.

"தம்பி, கொஞ்சம் நிறுத்து. எனக்குச் சாவு கிடையாதாம். எங்க மாப்பிள்ளை அங்கதான் வேலை பார்க்குறார், அவர்தான் அப்படிப் போட்டுக் கொடுத்திருக்கார். எனக்கே இப்பதான் தெரியும். நீ அடிச்சது எல்லாம் சரியாத்தான் பட்டிருக்கு. நான்தான் உனக்குக் குறி பார்க்கத் தெரியலன்னு நினைச்சு உக்காந்திருந்தேன், மன்னிச்சுக்கோ."

சூறாவளியின் மண்வெட்டி அந்தரத்தில் நின்றது. "மேடம்?"

"அப்புறம், பல்லைக் கடிச்சுக்கிட்டே ஆடாத. நறநறன்னு இங்க வரைக்கும் கேக்குது. வலது பக்கம் கீழ்ப்பல் தேஞ்சிருக்கும். போய்க் காட்டு. வரட்டுமா?"

வாயைத்திற மறைந்தது. திரையில் பட்டாசு வெடித்தது. சூறாவளி ஜெயித்துவிட்டான். ஆனால் அவனோ வலது கன்னத்தை விரலால் அமுக்கிப் பார்த்துக்கொண்டு, "ஆமாங்க, வலிக்குது" என்று சொல்லிக்கொண்டிருந்தான். அலுவலகத்தில் ஒருவரும் திரையைப் பார்க்கவில்லை. எல்லாத் தலையும் ரீஸ்டார்ட் பக்கம் திரும்பியிருந்தது. அவன் முகத்தில் ஈயாடவில்லை. கொசு மட்டும் மேஜைக்கடியில் குனிந்து சிரித்தாள்.

மேனேஜர் அவனைத் தன் அறைக்குக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தி, காது கிழிகிற மாதிரி திட்டித் தீர்த்தார். ஒரு மாதத்துக்குச் சர்வர் பக்கமே தலைவைக்கக் கூடாது, புகார் மெயில்களுக்குப் பதில் எழுத வேண்டும் என்றார். பிறகு குரலைத் தாழ்த்தி, ஆட்டத்தில் ஒருவருடைய மைக் மட்டும் வேலை செய்யாதபடி கணக்குத் திறக்க முடியுமா, தன் மாமியாரும் ஆட ஆசைப்படுகிறார் என்று விசாரித்தார்.

சாயங்காலம் ரீஸ்டார்ட் வீட்டுக்குள் பூனைபோல நுழைந்தான். மனைவி அவனைப் பார்த்து, 'மாட்டினியா' என்று கண்ணாலேயே கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள். கூடத்தில் மாமியார் காலை முக்காலிமேல் நீட்டி உட்கார்ந்து, புதுக் கணக்கில் ஆடிக்கொண்டிருந்தார். குதித்தார், செத்தார். குதித்தார், செத்தார். அவன் வந்ததைக் கவனித்த மாதிரியே காட்டிக்கொள்ளவில்லை. 'உங்க ஆட்டம் சரியில்ல' என்றாவது சொல்ல மாட்டாரா என்று அவன் நின்று பார்த்தான். அதுவும் வரவில்லை.

"அத்தை..."

"உக்காருங்க. நீங்க ஆடுங்க, நான் பார்த்துக் கத்துக்கிறேன். ஆவி கீவி வேண்டாம்."

அவர் நீட்டிய டேப்லெட்டை அவன் வாங்கிக்கொண்டான். தீவில் குதித்தான். எந்தப் பக்கம் ஓடுவது என்று திருதிருவென்று விழித்தான். ஒரு துப்பாக்கியை எடுக்கக் குனிந்தவன் நிமிரவே இல்லை. செத்துப்போனான்.

மாமியார் திரையைப் பார்த்தார். அவனைப் பார்த்தார். "இன்னொரு தடவை."

இன்னொரு தடவையும் செத்தான். இந்தத் தடவை கீழே குனியக்கூட நேரம் கிடைக்கவில்லை.

"மாப்பிள்ளை, உங்களுக்கு ஆடவே தெரியாதா?"

"தெரியாது, அத்தை" என்றான் ரீஸ்டார்ட். இதை அவன் மனைவியிடம்கூடச் சொன்னதில்லை. "வேலைக்குச் சேர்ந்ததுலேர்ந்து ஆவிக் கணக்குலதான் போயிருக்கேன். இன்னைக்குத்தான் முதல் தடவையா சாகுறேன்."

மாமியாரின் உதடு துடித்தது. பிறகு அவர் சிரித்தார். மூட்டு வலிக்கிறது, வலிக்கிறது என்று முழங்காலைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். உள்ளே போன மகள் பதறிக்கொண்டு ஓடிவந்தாள்.

"உன் வீட்டுக்காரர் என்னைவிட மோசம்டி!" என்றார் அவளிடம். அதில் அவ்வளவு சந்தோஷம் இருந்தது. "இன்னொண்ணு கொண்டுவா, ரெண்டு பேரும் சேர்ந்து ஆடுறோம்."

இரண்டு பேரும் சேர்ந்து குதித்தார்கள், சேர்ந்தே செத்தார்கள். ஏழெட்டு தடவைக்குப் பிறகு மாமியார் குருட்டாம்போக்கில் சுட்டதில் எதிரே யாரோ ஒருவன் சுருண்டு விழுந்தான். அவர் முதலில் நம்பவில்லை. "நானா? நிஜமாவா? நீங்க ஒண்ணும் பண்ணலையே?" என்று அவன் கையைப் பிடித்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அவன் ஒன்றும் பண்ணவில்லை. அவன் அப்போது ஏற்கெனவே செத்துக் கிடந்தான்.

"ஆட்டம் சரியில்ல, அத்தை" என்றான் ரீஸ்டார்ட், கடுப்போடு.

"ஆட்டமெல்லாம் சரியாத்தான் இருக்கு" என்றார் மாமியார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "வாயை மூடிக்கிட்டுக் குதிங்க, மாப்பிள்ளை."