மூன்றாவது பால் டின்

உலகத்தைக் காப்பாற்ற எழுதப்பட்ட எந்தக் கட்டுரையும் இதுவரை ஒரு கைப்பிடி மண்ணைக்கூடக் காப்பாற்றியதில்லை, இதை மனித குலத்துக்கு முதலில் அறிவிக்கப்போகிறவன் நான்தான், கல்லூரி இதழின் கடைசிப் பக்கத்தில், மாலை ஐந்து மணிக்குள் அனுப்பிவிட்டால்... முனைவர் ரூபினியின் கட்டுரைகள் மடியில் கிடக்கின்றன, நானூறு பக்கம், உலக வளர்ச்சியும் மண்ணழிவும், பிரேசில், காங்கோ, எங்கெல்லாம் காடு போயிற்றோ அங்கெல்லாம் போய் ஆற்றுநீரின் நிறத்தைக் குறித்துக்கொண்டு வந்திருக்கிறார், தேதி, நேரம், நிறம், பதினெட்டு ஆண்டுகள், பாவம், ஒரு கல்யாண வீட்டுக்குக்கூடப் போயிருக்க மாட்டாரோ? ஜன்னலுக்கு வெளியே பனி தேயிலை வரிசைகளை அழித்து அழித்து மறுபடி வரைகிறது, தொழிலாளர் லயன் வீடுகள் மிதக்கின்றன, நானும் கொஞ்சம் மிதக்கிறேன், காங்கோ கண்ணுக்குள் கலங்கலாக ஓடுகிறது...

"தம்பி, கனவு கண்டது போதும்லா." யுவனேஸ்வரி அக்கா பால் டின்னைக் கொண்டுவந்து என் மடியில், சரியாகப் பிரேசில் மேல் வைத்தாள். "இதுவும் கெட்டுப்போன டின்னு. தானா ராத்தா டவுனுக்குப் போயி மாத்திட்டு வா." ஈப்போவிலிருந்து பிள்ளையோடு வந்து எட்டு நாள், பிள்ளைக்கு மூன்று நாளாக வயிற்றுப்போக்கு, நேற்றே ஒரு டின்னை மாற்றியாயிற்று, கடைக்காரர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே, இன்னொரு தடவை போனால் போலீஸைக் கூப்பிடுவார். "கலக்கினா வெள்ளையாவா இருக்கு, பாரு." இல்லைதான், அழுக்குத் துணி அலசியது போல... மூடியைத் திறந்தேன். பால் மாவு வெள்ளையாக இருந்தது. மாவு வெள்ளை, பால் வெள்ளையில்லை, அப்படியென்றால்...

எங்கள் வீட்டில் வெறும் தண்ணீரை யார் பார்த்திருக்கிறார்கள்? குழாயிலிருந்து கேத்தலுக்கு, கேத்தலிலிருந்து தேத்தூளுக்கு, எங்களுக்குத் தண்ணீர் என்றாலே தேநீராவதற்கு முந்தைய ஒரு நிலைதான். சில மாதமாக டீயில் என்ன நிறம், என்ன கெட்டி! "கை வந்துருச்சும்மா உனக்கு," என்று நானே சொல்லியிருக்கிறேன். அம்மா கூச்சப்பட்டு, "தூளு பாதி போட்டாலே போதும்டா இப்பல்லாம்," என்றாள். பாதி... எங்கள் குழாய்க்குத் தண்ணீர் வரும் ஓடைக்கு மேலே சரிவை வெட்டி யாரோ காய்கறித் தோட்டம் போட்டார்கள், பிளாஸ்டிக் கூரை பனியில் கப்பல் மாதிரி தெரியும், அழகாயிருக்கிறதென்று படம்கூட எடுத்தேன்...

கண்ணாடிக் குவளையில் குழாய்நீரைப் பிடித்து ஜன்னலோரம் தூக்கிப் பார்த்தேன். அடியில் மண் மெதுவாக இறங்கிக்கொண்டிருந்தது, பனியைப் போலவே, அவசரமில்லாமல்.

"என்னடா, வெறுந்தண்ணியப் போயி மொறைக்கிற? லவ்வு பெயிலா?" என்றாள் அம்மா.

"அக்கா, டின்னு நல்லாத்தான் இருக்கு. இந்தத் தண்ணியில கலக்காத. போத்தல் தண்ணி வாங்கிட்டு வரேன், பிள்ளைய கிளினிக்குக்குக் கொண்டுபோயிரலாம்."

அங்கே கேட்பார்களே, எத்தனை நாளாகத் தண்ணீர் இப்படி என்று? என்ன சொல்வேன்? கடைசிப் பக்கத்துக்காக எழுதிய தாளைத் திருப்பினேன். தேதி போட்டேன். காலை பத்து இருபது. நிறம், பால் குறைந்த டீ. எப்போதிலிருந்து என்று எழுதி, பக்கத்தில் இடம் விட்டேன்.

"ம்மா, டீ எப்பலேர்ந்து நல்லா இருக்கு?"

அம்மாவுக்கு முகமெல்லாம் சிரிப்பு. ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு விரல்களை ஒவ்வொன்றாக மடக்க ஆரம்பித்தாள், பெருமையோடு, மாதம் மாதமாக... ஒரு கை முடிந்து மறு கைக்குப் போனாள்.