முப்பது நொடி முந்தி

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நாலரை முதல் ஆறு வரை ராகு காலம். அதனால் பிள்ளை வீட்டாரை ஆறு மணிக்கு மேல் வரச் சொல்லியிருந்தார் வைத்தீஸ்வரன். பஞ்சாங்கத்தை வரி வரியாகப் பார்த்த மனிதர் கால்பந்து அட்டவணையைப் பார்க்கவில்லை. அன்றைக்குப் பெங்களூர் அணிக்கும் சென்னை அணிக்கும் ஆட்டம். ஐந்து மணிக்குத் தொடக்கம் என்றால் ஆறு மணிக்குச் சரியாக இரண்டாம் பாதி. விஷயம் தெரிந்த நாளிலிருந்து அவருடைய மனைவி ருக்மிணி அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

ருக்மிணியின் கால்பந்துப் பைத்தியம் பெங்களூர் காக்ஸ் டவுன் முழுக்கப் பிரசித்தம். அவளுடைய அப்பா சர்க்கார் ஆபீஸ் டீமில் லெஃப்ட் பேக் ஆடியவர். டிவியில் பார்ப்பது அவளுக்குச் சரிப்படாது. பார்க்க உட்கார்ந்தால் வேலை ஓடாதே! ரசிகர்கள் நாலு பேர் மைதானத்து கேலரியில் உட்கார்ந்துகொண்டு, கன்னடத்தில் தொண்டை கிழிய ஆன்லைனில் ஒரு வர்ணனை கொடுப்பார்கள். அதைக் காதில் மாட்டிக்கொண்டால் போதும். குழம்பு பாட்டுக்குக் கொதிக்கும், துணி பாட்டுக்கு மடியும், கோல் விழுந்தால் கரண்டியோடு ஒரு சுற்றுச் சுற்றுவாள்.

"இன்னிக்கு ஒருநாள் மட்டும் அதைக் கழட்டி வை. பொண்ணோட வாழ்க்கை விஷயம்" என்று கெஞ்சியிருந்தார் வைத்தீஸ்வரன். அவளும் தலையை ஆட்டியிருந்தாள். ஆனால் காதை மூடும்படி முடியை இழுத்துவிட்டு, அதன் மேல் இரண்டு முழம் மல்லிகையையும் சரியவிட்டு அம்மா வந்து நின்றபோதே ஸ்ரீரஞ்சனிக்குப் புரிந்துவிட்டது. இயர்பட் உள்ளே இருக்கிறது.

மற்ற நாளாயிருந்தால் சிரித்திருப்பாள். இன்றைக்கு அம்மாவை முறைத்தாள். ஹரிஷும் அவளும் இரண்டு வருஷமாகக் காதலிக்கிறார்கள். அவனுக்குப் பூர்வீகம் ஈரோடு. ஜாதி வேறு, வழக்கம் வேறு. இந்தப் பக்கம் எப்படியோ சமாதானமாகிவிட்டது. அந்தப் பக்கம் ஹரிஷின் அப்பா பழனிச்சாமி மட்டும்தான் பாக்கி. "வந்து பாக்கறேன், மனசுக்குப் பட்டாப் பேசிக்கலாம்" என்று சொன்னதோடு சரி. அந்த மனுஷன் இன்றைக்கு 'சரி' என்று ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். அதற்காக அவள் காலையிலிருந்து பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் இருந்தாள்.

ஆறு ஐந்துக்கு வந்தார்கள். ஹரிஷ், அவன் அம்மா ராதா, பின்னால் பழனிச்சாமி. இதே பெங்களூரில் பீன்யா பக்கம் ஒரு கம்பெனியில் இருபது வருஷம் பிரஸ் மெஷின்களுக்கு நடுவே சூப்பர்வைசராக நின்றவர். அந்தச் சத்தத்தில் காது மந்தமாகி, இரண்டு காதிலும் மெஷின் வைத்திருந்தார். "வாங்கோ, வாங்கோ" என்றதற்கு "ம்" என்றார். "வழியிலே டிராஃபிக் எப்படி?" என்றதற்கும் "ம்". காது மெஷின் வைத்திருப்பவரை என்னவென்று கோபித்துக்கொள்வது?

ஸ்ரீரஞ்சனி காபி கொண்டு வந்தாள். அம்மாவின் முகத்தில் திடீரென்று அப்படி ஒரு வெளிச்சம். உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். சரி, பெங்களூர் கோல் போட்டுவிட்டது. ராதாவுக்கும் ஹரிஷுக்கும் கொடுத்துவிட்டுக் கடைசியாகப் பழனிச்சாமியிடம் டம்ளரை நீட்டினாள். அவர் ஒரு வாய் குடித்தார். உடனே முகம் கறுத்துப்போனது. டம்ளரை அப்படியே கீழே வைத்துவிட்டார்.

காபியா? தன்னையே பிடிக்கவில்லையா? ஹரிஷைப் பார்த்தாள். அவன் பேய் அறைந்தவன் போல உட்கார்ந்திருந்தான்.

வைத்தீஸ்வரன் விடாமல் பேசினார். "கல்யாணத்தை இங்கேயே பெங்களூர்ல வெச்சுண்டா எல்லாருக்கும் சௌகரியம். நாங்க நாலு தலைமுறையா இங்கேதான்..." ருக்மிணி 'ஹக்' என்று மூச்சை இழுத்து நெஞ்சில் கை வைத்தாள். அப்புறம் கண்ணை மூடி நிம்மதியாகப் பெருமூச்சு விட்டாள். வைத்தீஸ்வரன் அவளை முறைத்துவிட்டு, மண்டபத்தின் பெயர், எத்தனை பேர் உட்காரலாம் என்று அடுக்கிக்கொண்டே போனார்.

"ச்சே!" என்று நாற்காலிக் கையில் ஓங்கி அடித்தார் பழனிச்சாமி.

"ஈரோட்டுல வெச்சுண்டாலும் எங்களுக்கு ஆட்சேபணை இல்லை..." என்று வைத்தீஸ்வரன் தடுமாறினார். "நீங்க சொல்லுங்க, சொல்லுங்க" என்றார் பழனிச்சாமி, எங்கேயோ பார்த்தபடி. ஸ்ரீரஞ்சனி முந்தானையால் கண்ணை ஒற்றிக்கொண்டாள். அம்மாவின் கையைப் பிடித்துச் சமையலறைக்குள் இழுத்துப் போனாள்.

"நீ நெஞ்சைப் பிடிச்சுண்டு என்னமோ பண்றே, அவர் கோவிச்சுக்கறார். இந்த இடமே கெட்டுப்போச்சும்மா!"

"நான் என்னடீ பண்ணேன்? சென்னைக்காரன் அடிச்ச பந்து போஸ்ட்ல பட்டுத் திரும்பிடுத்து, உயிர் போய் வந்தது. அதுக்கு முன்னாடி கோல் விழுந்தப்போ நீ காபி குடுத்துண்டிருந்தே. அப்போ வாயைத் திறந்தேனா?"

ஸ்ரீரஞ்சனி அழ மறந்து நின்றாள். கோல் விழுந்தபோது காபி. அவர் முகம் கறுத்ததும் அப்போதுதான். பந்து போஸ்ட்டில் பட்டபோது மண்டபப் பேச்சு. அவர் நாற்காலியை அடித்ததும் அப்போதுதான். இரண்டு தடவையும் அம்மா முதலில், அவர் கொஞ்சம் கழித்து.

"அம்மா, அடுத்தாப்ல ஏதாவது நடந்தா என் கையைக் கிள்ளு."

கூடத்துக்கு வந்து, சுவர்க் கடிகாரம் தெரிகிற மாதிரி அம்மாவை ஒட்டி உட்கார்ந்தாள். இரண்டு நிமிஷத்தில் ஒரு கிள்ளு விழுந்தது. நொடி முள்ளைப் பார்த்தாள். பத்து, இருபது, முப்பது. பழனிச்சாமி உச்சுக் கொட்டிவிட்டு மேலே ஃபேனைப் பார்த்தார். மறுபடி ஒரு கிள்ளு. மறுபடி முப்பது நொடி. இந்தத் தடவை அவருடைய செருப்பில்லாத வலது கால் தரையிலிருந்து துள்ளி, இல்லாத பந்தை உதைத்தே விட்டது.

காது மெஷினில் புளூடூத்! சட்டைப் பையில் இருக்கிற போனில் ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கிறது! அவர் கேட்பது டிவி ஆப்பின் வர்ணனை, அது சுற்றி வளைத்து மெதுவாக வந்து சேருகிறது. அவளுக்குச் சிரிப்பு பீறிட்டது. முந்தானையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டு அம்மாவின் காதில் குசுகுசுத்தாள். "அவரும் மேட்ச் கேக்கறார்ம்மா. சென்னை கட்சி. உனக்கு வந்து முப்பது செகண்ட் கழிச்சுத்தான் அவருக்கு வரது."

ருக்மிணி அவரை முதல் தடவையாக ஏற இறங்கப் பார்த்தாள். "சென்னையா? அய்யோ பாவம்" என்று முணுமுணுத்துவிட்டுக் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்துகொண்டாள். அப்புறம் ஒரு கால் மணி நேரம் அவளுக்குக் கொண்டாட்டம்தான். அந்த மனுஷன் எப்போது துள்ளுவார், எப்போது துவளுவார் என்று முன்கூட்டியே தெரிந்துகொண்டு வேடிக்கை பார்ப்பதைப் போல ஒரு சுகம் உண்டா?

தொண்ணூறு நிமிஷமும் முடிந்து, நடுவர் மேலே கொடுத்த சில நிமிஷமும் முக்கால்வாசி ஓடியிருக்கும். திடீரென்று ஸ்ரீரஞ்சனியின் கையில் ஒரு கிள்ளு விழுந்தது. ரத்தம் கட்டுகிற கிள்ளு. திரும்பினால் அம்மாவின் முகத்தில் ஈயாடவில்லை.

"சென்னைக்காரன் ஹெட் பண்ணிட்டான்டி. ஒண்ணுக்கு ஒண்ணு" என்றாள், குரலே எழும்பாமல்.

எதிரே பழனிச்சாமி கண்ணை இறுக மூடிக்கொண்டு, இரண்டு கையையும் கோத்து முட்டியில் வைத்திருந்தார். உதடு ஏதோ சாமியைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது. தோற்கப் போகிறோம் என்றே நினைத்துக்கொண்டிருக்கிற மனுஷன். ருக்மிணி அவரையே பார்த்தாள். பார்க்கப் பார்க்க அவள் முகம் இளகியது. சட்டென்று எழுந்தாள். கேசரிக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு நேரே அவர் முன்னால் போய் நின்றாள்.

"சம்பந்தி, கண்ணைத் திறங்கோ. முதல்ல ஒரு வாய் தித்திப்பு போட்டுக்கோங்கோ."

சம்பந்தி! வைத்தீஸ்வரன் அதிர்ந்துபோனார். யாரும் இன்னும் எதற்கும் சம்மதம் சொல்லவில்லையே! பழனிச்சாமி மலங்க மலங்க விழித்தார். பெரிய மனுஷி நீட்டுகிற கிண்ணத்தை வேண்டாமென்று தள்ள முடியவில்லை. வாங்கி ஒரு ஸ்பூன் வாயில் போட்டார்.

"கோல்!" என்று ஒரு அலறல். கேசரி வாயோடு எழுந்து, வேட்டியை மடித்துக் கட்டி, ஹரிஷைக் கட்டிப் பிடித்துத் தூக்கிவிட்டார். "அடிச்சுட்டான்டா! கடைசி நிமிசத்துல அடிச்சுட்டான்டா!"

"என்னங்க இது, வந்த எடத்துல!" என்று ராதா தலையில் அடித்துக்கொண்டாள். அப்போதுதான் அவருக்கு இருக்கிற இடம் ஞாபகம் வந்தது. மகனை இறக்கிவிட்டு, மெதுவாக ருக்மிணியின் பக்கம் திரும்பினார். அவள் மல்லிகையை ஒதுக்கிக் காதைக் காட்டினாள்.

"அப்ப... உங்களுக்கு முந்தியே தெரியுங்களா?"

"முப்பது செகண்ட் முந்தி."

"நீங்க பெங்களூருங்களா?"

"பின்னே?"

"ஜெயிக்கிற ஆட்டம் கைய விட்டுப் போயும், எனக்கு இனிப்பு எடுத்துட்டு வந்தீங்களே!" கண்ணைத் துடைத்துக்கொண்டு மனைவியைப் பார்த்தார். "ராதா, கார்ல இருக்கிற வெத்தலை பாக்குத் தட்டை எடுத்துட்டு வா. மாத்திக்கலாம்."

"தட்டா?" என்று ஹரிஷ் வாயைப் பிளந்தான். "சும்மா பாக்கத்தான் வர்றேன்னு சொன்னீங்களேப்பா!"

"நேத்தே முடிவு பண்ணித் தட்டெல்லாம் கட்டி வெச்சாச்சுடா" என்றார் பழனிச்சாமி, வெட்கத்தோடு. "மேட்ச் முடிஞ்சதும் சொல்லிக்கலாம்னு இருந்தேன்."